வெளிப்பக்கம் வந்த காலிக் கப்பல்

என் கணவரின் கப்பல் கம்பெனியிலிருந்து வந்தவர் ஷூவைக் கழற்றாமல் வாசலிலேயே நின்று, கப்பலில் எல்லாரும் பத்திரமாக இருக்கிறார்கள் என்று ஆங்கிலத்தில் சொன்னார். அப்போதே எனக்குச் சந்தேகம் வந்துவிட்டது. நல்ல செய்தி சொல்வதற்காகப் பம்பாயில் ஃபோர்ட்டிலிருந்து செம்பூர் வரை யாரும் டாக்சி பிடித்து வரமாட்டார்கள். கீழ்வீட்டில் டெலிபோன் இருந்தது. அந்த நம்பரும் கம்பெனியிடம் இருந்தது. ஒரு போன் போதும்.

உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. கப்பலுக்குச் சின்ன சேதம் என்றார். எப்படி என்று கேட்டதற்கு, வெளியிலிருந்து வந்த ஏதோ ஒன்றால் என்றார். ஏதோ ஒன்று என்றால் என்ன என்று மறுபடி கேட்டேன். அவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். முன்பு அவரும் கேப்டனாக இருந்தவர், இப்போது கம்பெனியில் ஆட்களைப் பார்த்துக்கொள்ளும் வேலை. கடலில் இருந்தவருக்கு ஏதோ ஒன்று என்னவென்று தெரியாமல் இருக்குமா என்று நினைத்துக்கொண்டே கதவைச் சாத்தினேன்.

இது எண்பதுகளின் நடுவில் நடந்தது. ஈரானும் ஈராக்கும் வருஷக்கணக்காகச் சண்டை போட்டுக்கொண்டிருந்தன. வளைகுடாவில் எண்ணெய்க் கப்பல்கள் அடிபடும் செய்தி பேப்பரில் எங்கேயாவது ஒரு மூலையில் வரும். என் கணவர் அப்படி ஓர் எண்ணெய்க் கப்பலில் ரேடியோ ஆபீசர். கரையிலிருந்தும் மற்ற கப்பல்களிலிருந்தும் வரும் தகவலை வாங்கிக் கேப்டனிடம் கொடுப்பது, கேப்டன் சொல்வதை அனுப்புவது அவர் வேலை. நான் மாட்டுங்காவில் ஒரு வங்கியில் கிளார்க்.

அந்த முறை கிளம்புவதற்கு முன் சட்டைகளை மடித்துப் பெட்டியில் வைத்துக்கொண்டே ஒன்று சொன்னார்.

"டெக் மேல இப்போ கொடி வரையறா. கப்பல் அகலத்துக்கு. ராத்திரி அதுக்கு மேல லைட் வேற போட்டு வெக்கறா."

"எதுக்கு?"

"ரெண்டு பேர் சண்டையிலயும் நாங்க இல்லேன்னு மேலேர்ந்து பாக்கறவனுக்குத் தெரியணுமோல்லியோ? யார் பக்கமும் சேராத கப்பலை அடிக்கப்படாதுன்னு சட்டம் இருக்கு."

"சண்டை போடறவா அதெல்லாம் பாப்பாளா?"

"பாக்கணும்" என்றார். பார்ப்பார்கள் என்று சொல்லவில்லை. பாக்கணும் என்றுதான் சொன்னார்.

கம்பெனிக்காரர் வந்துபோன அடுத்த வாரம் என் கணவர் ஊர் வந்து சேர்ந்தார். விமான நிலையத்தில் வலது கை முழங்கை வரை கட்டுப் போட்டிருந்தது. என்னைப் பார்த்ததும் முதலில் சொன்னது, "ஒருத்தர் போயிட்டார்" என்பதுதான். எல்லாரும் பத்திரம் என்றார்களே என்று கேட்டேன். "அப்படியா சொன்னா?" என்றார். 

போனவர் பம்ப்மேன். எண்ணெயை ஏற்றி இறக்கும் பம்புகளைப் பார்த்துக்கொள்கிறவர். திருநெல்வேலிப் பக்கத்து முஸ்லிம். அண்ணன் தாராவியில் தோல் பை செய்யும் பட்டறை வைத்திருந்தார். பம்ப்மேன் கப்பலில் என் கணவரோடு தமிழ் பேசக்கூடிய ஒரே ஆள். சாப்பாட்டு நேரத்தில் ரேடியோ அறைக்கு வந்து ஊர்க் கதை பேசுவாராம்.

நடந்ததை என் கணவர் ஒரே மூச்சில் சொல்லவில்லை. கட்டுப் பிரித்து மருந்து வைக்கும்போது கொஞ்சம், பால்கனியில் உட்கார்ந்து காபி குடிக்கும்போது கொஞ்சம். நான் கோத்துக்கொண்டது இதுதான். அவர்கள் எண்ணெய் ஏற்றப் போன இடத்தில் குண்டு விழுந்து குழாய்கள் உடைந்திருந்தன. அதனால் கப்பல் காலியாகவே திரும்பியது. அதே முதலாளியின் இன்னொரு கப்பல் அதற்கு முன்பே வயிறு நிறைய எண்ணெய் ஏற்றிக்கொண்டு கிளம்பியிருந்தது. இரண்டும் சேர்ந்து வந்துகொண்டிருந்தன. பட்டப்பகல், வானத்தில் ஒன்றுமில்லை. திடீரென்று அடிவானத்திலிருந்து தண்ணீரை ஒட்டியபடி ஒன்று வந்து, இவர்கள் கப்பலின் பின்பக்கத்தில், பம்ப்மேன் இருந்த பம்ப் அறைக்கு மேலே புகுந்தது.

"விமானத்த யாரும் பாக்கலியா?"

"எப்படிப் பாக்கறது? விமானி எங்கேயோ இருந்தான். அவனுக்கும் நாங்க தெரியலை. அவன் திரையில ஒரு புள்ளி, அவ்வளவுதான். புள்ளி இருக்கற திசையில விட்டுட்டுத் திரும்பிப் போயிட்டான். மீதியெல்லாம் அதுவே பாத்துக்கும்."

"எதுவே?"

"ஏவுகணை. அது மூக்குல ஒரு சின்ன ரேடார். கிட்ட வந்தப்புறம் திறக்கும். எது பெரிசாத் தெரியறதோ அதப் புடிச்சுக்கும்."

"கொடி?"

"கொடி பெயிண்ட்டும்மா" என்றார். "ரேடாருக்குப் பெயிண்ட் எங்க தெரியும்."

பால்கனியிலிருந்து மாஹுல் பக்கத்து எண்ணெய் ஆலையின் புகைபோக்கி நெருப்பு தெரியும். அதையே பார்த்துக்கொண்டிருந்தார். இன்னும் ஏதோ சொல்ல இருக்கிறது, சொல்லாமல் வைத்திருக்கிறார் என்று எனக்குத் தோன்றியது. பதினோரு வருஷம் குடித்தனம் நடத்தியவளுக்கு அது தெரியாதா?

கம்பெனிக்காரர் மறுபடி வந்தார். இந்த முறை ஷூவைக் கழற்றினார். ஆப்பிள் கூடை வேறு. கம்பெனியும் இன்சூரன்ஸும் சேர்ந்து ஒரு விசாரணை வைக்கப் போகிறார்கள், அதுவரை யாரிடமும் எதுவும் பேச வேண்டாம், குறிப்பாகச் செத்தவர் வீட்டுக்காரர்களிடம் பேச வேண்டாம், துக்கத்தில் இருக்கிறவர்கள் தப்பாக எடுத்துக்கொள்வார்கள் என்றார். போகும்போது என் கணவர் தோளைத் தட்டி, "ரேடியோ அறையின் ஒழுக்கம் உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை" என்றார். என் கணவர் தலையை மட்டும் ஆட்டினார்.

"அது என்ன ஒழுக்கம்?" என்று கேட்டேன்.

"வர்ற தகவல வெளியில சொல்லப்படாது. லைசென்ஸ் வாங்கும்போதே சத்தியம் பண்ணித் தரோம்."

"என்ன தகவல் வந்தது?"

அவர் ஆப்பிள் கூடையை எடுத்து உள்ளே வைக்கப் போய்விட்டார்.

செத்தவரின் அண்ணன் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை வந்தார். ஐம்பது வயதிருக்கும். வெள்ளைச் சட்டை, விரல் நுனியெல்லாம் தோலுக்குப் போடும் சாயம். நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தார். நான் கொடுத்த காபியைக் கையில் வைத்துக்கொண்டே இருந்தார், குடிக்கவில்லை.

"சார், எந் தம்பி ஒவ்வொரு கடுதாசியிலயும் உங்களப் பத்தி எழுதுவான். ரேடியோ சார் ரேடியோ சார்னு. அதான் உங்கள்ட்டயே கேட்டுட்டுப் போலாம்னு வந்தேன். அவனக் கொன்னது யாரு?"

என் கணவர், தெரியவில்லை பாய் என்றார்.

"கம்பெனில கேட்டேன். சண்டையில இதெல்லாம் சகஜம்கான். எந்த நாட்டுக்காரன்னு கேட்டா, உறுதியாச் சொல்ல முடியாதுங்கான். கொன்னவன் ஒருத்தன் இருப்பாம்லா சார்? குண்டு தானா வருமா?"

"கடைசி கொஞ்ச தூரம் தானாத்தான் வந்தது பாய்."

அவர் என் கணவரை வெகுநேரம் பார்த்தார். அந்தப் பார்வை எனக்கு இன்னும் மறக்கவில்லை. ஒரு பெரிய மனுஷன் தன்னிடம் சின்னப் பிள்ளைக்குச் சொல்லும் கதையைச் சொல்கிறானே என்பது போன்ற பார்வை.

"தெரியலங்கீயளா, சொல்லக் கூடாதுங்கீயளா?"

 அண்ணனின் பார்வை வீட்டைச் சுற்றி வந்து, உணவு மேஜைமேல் இருந்த கம்பெனி ஆப்பிள்களில் நின்றது. அவ்வளவு ஆப்பிளை நாங்கள் வாங்கித் தின்னக்கூடியவர்கள் இல்லை என்று எங்கள் வீட்டைப் பார்த்தாலே தெரியும். காபியைத் தரையில் வைத்துவிட்டு எழுந்தார்.

"வாரேன் தங்கச்சி" என்று என்னிடம் மட்டும் சொல்லிக்கொண்டு போனார்.

அதற்கப்புறம் ஞாயிற்றுக்கிழமைகளில் என் கணவர் எங்கே போகிறேன் என்று சொல்லாமல் கிளம்பிப் போக ஆரம்பித்தார். கம்பெனிக்காரரைப் பார்க்கத்தான் போகிறார் என்று நான் நினைத்தேன். வாயை மூடிக்கொண்டிருப்பதற்கு ஏதாவது பேசி முடித்திருப்பார்களோ என்றுகூட நினைத்தேன். ஒரு ஞாயிறு நானும் கூடவே செருப்பு மாட்டிக்கொண்டேன். வேண்டாம் என்று சொல்லவில்லை. ஹார்பர் லைனில் வடாலாவில் இறங்கி, கப்பல் ஆட்கள் வேலைக்குக் காத்திருக்கும்போது தங்கும் ஒரு விடுதிக்கு அழைத்துக்கொண்டு போனார். அதே கப்பலில் இருந்த இரண்டு மூன்று பேர் அங்கே இருந்தார்கள். வாசலில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து, ஒவ்வொருவரிடமும் ஹிந்தியில் ஒரே கேள்வியைத்தான் கேட்டார். அன்று காலையில் நாம் அந்த இன்னொரு கப்பலுக்கு எந்தப் பக்கம் இருந்தோம், எப்போது வேகத்தைக் குறைத்தோம்?

அவர்களும் அவரைச் சந்தேகமாகத்தான் பார்த்தார்கள். கம்பெனிக்காக வேவு பார்க்க வந்திருக்கிறாரோ என்று. ஒருவன் மட்டும், எஞ்சினில் வேலை பார்த்தவன், சொன்னான். காலையில் திடீரென்று வேகத்தைக் குறைக்கச் சொல்லி மேலேயிருந்து மணி அடித்தது, பாரத்தால் பின்தங்கி வந்த எண்ணெய் ஏற்றிய கப்பல் நம் பக்கத்துக்கு வந்த பிறகுதான் மறுபடி பழைய வேகம் என்றான். டெக்கில் கிடந்த ஏவுகணைத் துண்டு ஒன்றை அவன் ஞாபகத்துக்கு எடுத்து வைத்திருந்தானாம். துபாயில் கப்பலுக்கு வந்த கம்பெனி ஆள் எல்லாரிடமும் இருந்த துண்டுகளை வாங்கிக்கொண்டு போய்விட்டானாம்.

திரும்பும்போது பிளாட்பாரத்தில் என் கணவர் அந்தத் தகவலைச் சொன்னார். அன்று காலை கரையிலிருந்து கேப்டனுக்கு வந்தது. வேகத்தைக் குறைக்கவும், நிரம்பிய கப்பலோடு சேர்ந்துகொள்ளவும், அதற்கு வெளிப்பக்கமாக, அதாவது திறந்த கடல் இருக்கும் பக்கமாக, வரவும். இவ்வளவுதான். அவர் கையால் வாங்கி, அவர் கையால் கேப்டனிடம் கொடுத்தது.

"இதுல என்ன இருக்கு?" என்றேன்.

"காலிக் கப்பல் தண்ணிக்கு மேல உசந்து நிக்கும். நிரம்பின கப்பல் பாதி முங்கியிருக்கும். ரேடாருக்கு எது பெரிசு?"

எனக்குச் சட்டென்று விளங்கவில்லை. விளங்கியபோது ரயில் வந்துவிட்டது. ஏறி உட்கார்ந்த பிறகு கேட்டேன்.

"வேணும்னே பண்ணினாளா?"

"தெரியலை. காலிக் கப்பல் அடிபட்டா எண்ணெய் எரியாது, ஆள் சேதம் கம்மின்னு நினைச்சிருக்கலாம். ஆனா காலி டேங்க்ல ஆவி இருக்கும். அது எண்ணெயவிட மோசம். அவாளுக்குத் தெரியாம இருக்குமா? தெரியலை. வெறும வரிசையா வரச் சொல்லியும் இருக்கலாம். அதான் எல்லார்ட்டயும் கேட்டுண்டிருக்கேன்."

விசாரணை ஃபோர்ட்டில் ஒரு பழைய கட்டடத்தில் நடந்தது. நான் லீவு போட்டுவிட்டுப் போனேன். உள்ளே விடமாட்டார்கள் என்று நினைத்தேன், ஆனால் அவர் கையில் கட்டு இருந்ததால் துணைக்கு என்று சொல்லி உட்காரவிட்டார்கள். நீள மேஜைக்கு அந்தப் பக்கம் இன்சூரன்ஸ் தரப்பு வக்கீல், வயதானவர். பக்கத்தில் நம் கம்பெனிக்காரர். பேச்சு முழுக்க ஆங்கிலம்.

வக்கீல் நல்ல மனிதராகத்தான் தெரிந்தார். சண்டைச் சட்டத்தைப் பொறுமையாக விளக்கினார். தாக்குகிறவன், எதிரியுடையது எது, எதிரியுடையது அல்லாதது எது என்று பிரித்துப் பார்த்தாக வேண்டும். அது அவன் கடமை. ஆனால் எதிரியின் எண்ணெயை ஏற்றப் போன கப்பலை நடுநிலைக் கப்பல் என்று சொல்ல முடியுமா என்பதில் வாதம் இருக்கிறது என்றார்.

"நாங்கள் எதையும் ஏற்றவில்லை" என்றார் என் கணவர்.

"அது விமானிக்குத் தெரிய வழியில்லை."

"தெரிந்துகொள்ள அவன் முயற்சியே செய்யவில்லை. கடைசியில் இரண்டு கப்பலில் எதை என்று முடிவு செய்தது அவன் இல்லை. ஏவுகணை. அதற்கு உங்கள் சட்டத்தை யார் சொல்லிக் கொடுத்தார்கள்?"

வக்கீல் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மீறினான் என்று சொல்ல, தெரிந்து மீறிய ஓர் ஆள் வேண்டும், இங்கே அப்படி யாரையும் என்னால் காட்ட முடியாது என்றார். அவர் சொன்னதில் பொய் இருந்ததாக எனக்குத் தோன்றவில்லை.

அப்போதுதான் என் கணவர் அந்தக் காலைத் தகவலைச் சொன்னார். கம்பெனிக்காரர் நாற்காலியில் நிமிர்ந்தார். அப்படி ஒரு தகவல் வந்ததா என்பது வேறு விஷயம், வந்திருந்தாலும் அதைச் சபையில் சொல்ல இவருக்கு உரிமை இல்லை என்றார். வக்கீல், கப்பல்களை எந்த வரிசையில் ஓட்டுவது என்பது முதலாளியின் விருப்பம், தாக்குதலுக்கும் அதற்கும் சம்பந்தம் காட்ட முடியாது என்று சொல்லி அடுத்த கேள்விக்குப் போனார். முடிவு பிறகு வந்தது. போர் நடவடிக்கையால் நேர்ந்த சேதம், யார் செய்தது என்று நிச்சயிக்க முடியவில்லை.

வெளியே வந்து வி.டி. ஸ்டேஷன் வரை நடந்தோம். "நீங்க இத மொதல்லயே அந்த பாய்கிட்ட சொல்லியிருக்கணும்" என்றேன். "இப்போ போலாம்" என்றார்.

தாராவியில் அவர் பட்டறையைக் கண்டுபிடிக்கச் சிரமப்படவில்லை. கேட்ட முதல் ஆளே கூட்டிக்கொண்டு போய் விட்டான். மேலே தகரம், கீழே தோல் அடுக்குகள், நான்கு தையல் மெஷின். அவர் மெஷின்களை நிறுத்தச் சொல்லிவிட்டு, ஆட்களை டீ குடிக்க அனுப்பினார். என் கணவர் எல்லாவற்றையும் சொன்னார். தகவல், காலிக் கப்பல், வெளிப்பக்கம், வேவு பார்க்க வந்தவன் போல வடாலாவில் அலைந்தது, விசாரணை. எதை உறுதியாகச் சொல்ல முடியும், எதைச் சொல்ல முடியாது என்றும் சொன்னார்.

அண்ணன் கத்தரிக்கோலைக் கையில் வைத்துக்கொண்டே கேட்டார்.

"அப்ப கண்ணில்லாத ஒண்ணு வருது. பெருசா இருக்கதப் புடிக்கும்னு நம்ம முதலாளிக்குத் தெரியும். அதுக்கு முன்னால எந் தம்பிய நிறுத்திருக்கான். இதானே?"

"அப்படியும் இருக்கலாம் பாய். எனக்கு நிச்சயமாத் தெரியலை."

"நான் வந்தன்னிக்கே இதச் சொல்லிருக்கலாம்லா?"

"சத்தியம் பண்ணியிருந்தேன்."

"இப்பச் சொல்லுதீயளே, இப்பச் சத்தியம் எங்க போச்சு?"

 எனக்குக் கோபம் வந்தது. ஆனால் அந்தக் கேள்வியை நானும் மனசுக்குள் கேட்டிருக்கிறேன் என்பதால் பேசாமல் இருந்தேன்.

அண்ணன் மறுநாளே கம்பெனிக்குப் போய்ச் சத்தம் போட்டிருக்கிறார். காவலாளியை விட்டு வெளியே தள்ளினார்களாம். ரேடியோ ஆபீசர்தான் உளறிவிட்டார் என்று கம்பெனிக்குத் தெரிந்துவிட்டது. யாரும் எதையும் நேராகச் சொல்லவில்லை. ஆனால் அதற்குப் பிறகு என் கணவர் எந்தக் கம்பெனிக்குப் போனாலும் சொல்லி அனுப்புகிறோம் என்றார்கள். சொல்லி அனுப்பவில்லை. ஒரு வருஷம் போல வீட்டில் இருந்தார். பிறகு வாஷியில் புதிதாக ஆரம்பித்த ஒரு பயிற்சி நிலையத்தில் பையன்களுக்கு ரேடியோ சொல்லிக்கொடுக்கும் வேலை கிடைத்தது. அதிலேயே இருந்துவிட்டார். கடலை நினைத்து அவர் ஏங்கி நான் பார்த்ததில்லை. கப்பல் படம் போட்ட காலண்டர் வீட்டுக்கு வந்தால் மட்டும் திருப்பி மாட்டிவிடுவார்.

அதற்கிடையில், கணவனை இழந்தவள் வீட்டைவிட்டு வராமல் இருக்கும் இத்தா காலம் முடிந்து, பம்ப்மேனின் மனைவி ஊரிலிருந்து பம்பாய்க்கு வந்தாள். அண்ணன் எங்களுக்குச் சொல்லி அனுப்பினார். இந்த முறை பட்டறைக்கு மேலே அவர்கள் இருந்த அறைக்குப் போனோம். இருபத்தைந்து வயதுகூட இருக்காது. என் கணவரிடம் நேராகப் பேசவில்லை. என்னிடம் கேட்டாள், அவர் என்னிடம் சொன்னார்.

"அவுஹ உள்ள இருக்காஹன்னு அதுக்குத் தெரியுமா அக்கா?"

"தெரியாது" என்றார் என் கணவர். "அதுக்கு மனுஷாளே தெரியாது. இரும்பு மட்டும்தான்."

"அனுப்புனவனுக்கு?"

"கப்பல்ல ஆள் இருப்பான்னு தெரியும். யாருன்னு தெரியாது."

"வெளிப்பக்கமா வரச் சொன்னவஹளுக்கு?"

 "பேர்கூடத் தெரியும்" என்றார்.

அவள் முந்தானையை இழுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய்ச் சாப்பாடு எடுத்து வைத்தாள். நாங்கள் சைவம் என்பதால் தனியாகப் பருப்பும் அப்பளமும் செய்திருந்தார்கள். அண்ணன் என் கணவர் பக்கத்தில் உட்கார்ந்து அவரே பரிமாறினார். மழை பெய்துகொண்டிருந்தது, தகரத்தில் சத்தம் அதிகம்.

கிளம்பும்போது அண்ணன் குடை பிடித்துக்கொண்டு ஸ்டேஷன் வரை வந்தார். படியேறும் இடத்தில் நின்று என் கணவர் கையைப் பிடித்துக்கொண்டார்.

"சார், இன்னும் ஏதாச்சும் பாக்கி இருந்தா இப்பவே சொல்லிருங்க. நான் ஒண்ணும் நெனைக்க மாட்டேன்."

"இல்ல பாய். அவ்வளவுதான்."

கையை உடனே விடவில்லை. முகத்தைப் பார்த்தார். பிறகு சரி என்று சொல்லிவிட்டுத் திரும்பி நடந்தார். நம்பினாரா என்று எனக்குத் தெரியாது. நீ நம்பறியா என்று என் கணவர் என்னிடம் எப்போதும் கேட்டதில்லை.